‘கால் விறைக்குது’ என்ற ஒரு சொல்லுக்குள் எத்தனை வருத்தம்

மட்டக்களப்பில் எந்தக் கிளினிக் வாசலில் அரை மணித்தியாலம் உட்கார்ந்திருந்தாலும் ஒரு சொல் திரும்பத் திரும்பக் காதில் விழும்: விறைப்பு. “காலெல்லாம் விறைக்குது.” “கை விறைச்சிப் போச்சி.” “பாதம் விறைச்சாப்போல கிடக்கு.” சொல்கிற மூன்று பேரும் ஒரே வருத்தத்தைச் சொல்வதாகத் தோன்றும். கொஞ்சம் கதை கொடுத்துப் பார்த்தால் விஷயம் வேறு. ஒருவருக்குப் பாதத்தில் எறும்பு ஊர்கிறது, இரவானால் மிளகாய் அரைத்துப் பூசியதுபோல எரிகிறது. இன்னொருவருக்கு எரிவுமில்லை நோவுமில்லை. நடந்து வரும்போது செருப்பு கழன்று போனதே தெரியவில்லை. மூன்றாமவருக்கு உணர்ச்சியெல்லாம் சரி, முன்பாதத்தைத் தூக்கத்தான் முடியவில்லை.

மரத்துப்போதல், திமிர், உளைவு, கடுப்பு, எரிவு, பலக்குறைவு என்று நம்மிடம் தனித்தனிச் சொற்கள் இருக்கத்தான் செய்கின்றன. ஆனால் டொக்டருக்கு முன்னால் கிடைக்கிற இரண்டு நிமிடத்தில் எல்லாமே விறைப்பாகிவிடுகிறது. அவரும் கொப்பியில் எழுதுகிறார், ஒரு விற்றமின் குளிசை கிடைக்கிறது, அடுத்த திகதியோடு வீட்டுக்கு வந்துவிடுகிறோம். அந்த ஒற்றைச் சொல்லைக் கொஞ்சம் பிரித்துப் பார்ப்பதுதான் இந்தக் கட்டுரையின் வேலை.

மூளையும், முதுகெலும்புக்குள் இறங்கும் முண்ணாணும் எலும்புக் கூட்டுக்குள் பத்திரமாக இருக்கின்றன. அங்கிருந்து வெளியே கிளம்பித் தோல், தசை, இதயம், குடல், சலப்பை என்று உடம்பின் மூலைமுடுக்கெல்லாம் போகிறவை புற நரம்புகள். முண்ணாணிலிருந்து 31 சோடி. தலையிலிருந்து கிளம்புபவை 12 சோடி. அதில் பார்வை நரம்பை மூளையின் நீட்சி என்றே கணக்கெடுப்பார்கள். இந்தப் புற நரம்புகளுக்கு எலும்புக் காவல் கிடையாது. முழங்கையிலும் முழங்காலிலும் சில இடங்களில் தோலுக்குக் கீழே எலும்பின்மேல் சும்மா கிடக்கின்றன. முழங்கை எங்காவது இடிபட்டால் சுண்டுவிரல் வரை மின்சாரம் பாய்ந்ததுபோல இருக்குமே, அது எலும்பில் பட்ட அடியில்லை, நரம்பில் பட்டது.

இன்னொரு சங்கடம் நீளம். பெருவிரல் நுனியின் உணர்ச்சியைக் கொண்டுவரும் நரம்பிழை ஒன்று, இடுப்புக்குப் பின்னாலிருந்து பாதம்வரை ஒரே கலத்தின் நீட்சியாக ஏறக்குறைய ஒரு மீற்றர் ஓடுகிறது. அந்தக் கலத்தின் உடல் இருப்பது முதுகெலும்பின் ஓரத்தில். இழைக்கு வேண்டிய புரதமெல்லாம் அங்கேதான் தயாராகிக் கீழே போகவேண்டும். உன்னிச்சைக் குளத்துத் தண்ணீரை நம்பி வேளாண்மை செய்கிறவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. குளத்தில் தண்ணீர் குறைந்தாலும், வாய்க்கால் உடைந்தாலும், முதலில் காய்வது வாய்க்காலின் கடைசி வயல். நரம்பிலும் அப்படித்தான். உடம்பு முழுவதையும் பாதிக்கிற காரணம் எதுவாக இருந்தாலும், சீனியோ சாராயமோ சிறுநீரகமோ, முதலில் முறையிடுவது கால்விரல் நுனி. பிறகு பாதம், கணுக்கால், கெண்டைக்கால் என்று ஏறும். முழங்காலை நெருங்குகிறபோது கைவிரல் நுனிகளில் தொடங்கும், ஏனென்றால் இடுப்பிலிருந்து முழங்கால்வரையுள்ள தூரமும் கழுத்திலிருந்து விரல் நுனிவரையுள்ள தூரமும் கிட்டத்தட்டச் சமம். காலுக்கு மேசும் கைக்குக் கையுறையும் போட்டதுபோன்ற பரப்பில் உணர்ச்சி குறையும் என்று வைத்தியப் புத்தகங்கள் எழுதுவது இதைத்தான்.

ஒரு நரம்பென்பது ஒரு கம்பியில்லை, பல வகை இழைகளின் கட்டு. இருட்டில் கட்டில் காலில் சுண்டுவிரல் இடிபட்ட நேரத்தை நினைத்துப் பாருங்கள். முதலில் ‘இடித்துவிட்டது’ என்று தெரியும். பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருப்போம். அப்புறம்தான் அந்த எரியும் நோவு வந்து சேரும். தொடுகையைச் சுமக்கும் தடித்த இழைகளுக்கு மைலின் என்ற கொழுப்பு உறை இருக்கிறது. அவை செக்கனுக்கு 50 மீற்றர் வேகத்திலும் அதற்கு மேலும் செய்தி அனுப்பும். அந்த எரிநோவைக் கொண்டுவரும் மெல்லிய இழைகளுக்கு உறை கிடையாது, வேகமும் செக்கனுக்கு ஏறத்தாழ ஒரு மீற்றர்தான். பாதத்திலிருந்து தலைக்கு வர ஒரு செக்கனுக்கு மேலாகிறது.

எந்த இழை பழுதாகிறதோ அதற்கேற்ற முறைப்பாடு. மெல்லியவை கெட்டால் எரிவு, ஊசிக் குத்து, போர்வை பட்டாலே பொறுக்கமுடியாத நோவு; அல்லது அதற்கு நேரெதிராக, சூடு குளிர் தெரியாமல் போவது. தடித்தவை கெட்டால் பஞ்சில் மிதிப்பதுபோல இருக்கும். பாதம் எங்கே இருக்கிறது என்ற செய்தியே மேலே போகாது. பகலில் கண் பார்த்துச் சமாளித்துவிடும். கிணற்றடியில் முகம் கழுவக் கண்ணை மூடியதும் ஆள் தள்ளாடுவார். வயதானவர் குளிக்கப்போய் விழுந்துவிட்டார் என்ற செய்தியில் பாசியைத்தான் எல்லாரும் குறை சொல்வார்கள். சில நேரம் குற்றவாளி பாதத்து நரம்பு.

தசைகளை ஆட்டுவிக்கும் நரம்பு கெட்டால் பலம் குறையும், தசை வற்றும், இரவில் கெண்டைக்கால் பிடித்து இழுக்கும், தோலுக்கடியில் தசை தானாகத் துடிக்கும். சட்டைப் பொத்தான் பூட்டுவது பெரும்பாடாகும். மூன்றாவது வகை, நம் விருப்பத்தைக் கேட்காமல் வேலை செய்யும் தன்னியக்க நரம்புகள். அவை கெடும்போது வரும் குறிகளை யாரும் நரம்போடு சேர்த்து நினைப்பதில்லை: எழுந்து நின்றதும் தலைசுற்று, வியர்க்காமல் காய்ந்து வெடித்த குதிகால், சாப்பாடு வயிற்றிலேயே நின்றுவிட்டதுபோன்ற பொருமல், மலச்சிக்கலும் வயிற்றோட்டமும் மாறி மாறி, சலம் முழுதாகப் போகாமை. ஆண்களுக்கு ஆண்மைக் குறைவு. கடைசியாகச் சொன்னதை நம் ஊரில் எந்த ஆணும் கிளினிக்கில் வாய்திறந்து சொல்லமாட்டார். சொல்லவேண்டியது அதுதான், ஏனென்றால் சிலருக்கு அதுவே சீனி வருத்தத்தின் முதல் அடையாளம்.

சரி, காரணங்களுக்கு வருவோம். உலகத்தில் எங்கும்போல இங்கும் முதலிடம் நீரிழிவுக்குத்தான். நீண்டகாலமாகச் சீனி வருத்தம் உள்ளவர்களில் ஏறக்குறையப் பாதிப்பேருக்கு ஏதோ ஒரு கட்டத்தில் நரம்புப் பாதிப்பு வருகிறது. இரத்தத்தில் மிஞ்சிய சீனி நரம்புக் கலத்துக்குள் புகுந்து அங்குள்ள வேதி வேலைகளைக் குழப்புகிறது. நரம்புக்கே இரத்தம் கொடுக்கும் நுண்ணிய குழாய்களையும் தடிக்கவைத்து அடைக்கிறது. வாய்க்கால் உவமையில் சொன்னால், குளத்திலும் தண்ணீர் குறைவு, வாய்க்காலும் தூர்ந்துபோயிற்று. நரம்புப் பாதிப்பு வந்தவர்களிலும் பாதிப்பேர்வரை எந்த முறைப்பாடும் இல்லாமல் இருப்பார்கள் என்பதுதான் இதில் பயப்படவேண்டிய விஷயம். எரிகிறவர் டொக்டரிடம் போகிறார். எரியாதவர் ஏன் போகப்போகிறார்?

எங்கள் தெருவில் ஒரு பெரியவர் இருக்கிறார். பத்துப் பன்னிரண்டு வருசமாகச் சீனி வருத்தம். ஒவ்வொரு ஆடிவேலுக்கும் கதிர்காமத்துக்குக் கால்நடை. திருக்கோவில், பொத்துவில் தாண்டி உகந்தையில் தங்கி, குமண, யால காட்டுவழியே வெறுங்காலோடு போகும் யாத்திரை. ஒரு வருசம் போய்வந்து என்னிடம் பெருமையாகச் சொன்னார்: “இந்த முறை மணல் சுடவேயில்ல மனே. எல்லாம் முருகன்ட செயல்.” கூடப் போனவர்களெல்லாம் மணல் சூட்டில் துள்ளித் துள்ளி நடந்திருக்கிறார்கள், இவர் மட்டும் ஆற அமர நடந்திருக்கிறார். மூன்றாம் நாள் பாயில் ஈரக்கறை கண்டு மனைவி பாதத்தைத் திருப்பிப் பார்த்தார். உள்ளங்காலில் ஒரு பெரிய கொப்புளம் உடைந்து கிடந்தது. பக்கத்தில் முறிந்த முள் ஒன்று, எப்போது ஏறியதென்றே அவருக்குத் தெரியாது.

பக்தியில் நான் குறுக்கிடவில்லை. பாண்டிருப்புத் தீமிதிப்பில் இறங்குகிறவர்களைச் சின்ன வயதிலிருந்தே பார்த்து வளர்ந்தவன்தான். ஆனால் முன்பெல்லாம் சுட்ட மணல் இப்போது சுடவில்லையென்றால் மணல் மாறவில்லை. நோவு என்பது உடம்பின் காவல்காரன். அவன் வேலையை விட்டுப்போனால் வீடு அமைதியாகத்தான் இருக்கும். காலில் புண், அதில் கிருமி, சீனியால் இரத்த ஓட்டமும் குறைவு, பிறகு விரல் எடுக்கவேண்டும் என்கிறார்கள். பெரும்பாலான கால் துண்டிப்புகளின் கதை இப்படி ஒரு சின்னப் புண்ணில்தான் தொடங்குகிறது. விறைப்புக்கென்று வீட்டில் செய்கிற சுடுதண்ணீர் ஒத்தடம் இன்னொரு ஆபத்து. சூடு தெரியாத காலுக்கு எவ்வளவு சூடு போதும் என்று யார் சொல்வது? தண்ணீரைக் கால் சோதிக்கக்கூடாது, வீட்டில் உணர்ச்சி சரியாக உள்ள ஒருவரின் முழங்கை சோதிக்கவேண்டும்.

உடம்பு முழுவதையும் பாதிக்காமல் ஒரேயொரு நரம்பு மட்டும் மாட்டுப்படுவதும் உண்டு. அங்கே கேட்கவேண்டிய கேள்வி, எந்த விரல் என்பது. பெருவிரல், சுட்டுவிரல், நடுவிரல், மோதிரவிரலில் பாதி விறைத்து, நடுச்சாமத்தில் எழுப்பிக் கையை உதறவைத்தால், மணிக்கட்டின் ஒடுங்கிய வழியில் நடு நரம்பு நசிகிறது. மருதமுனைத் தறியில் இருக்கிறவர்கள், தையல் மெசினில் நாள் முழுக்க உழைக்கிறவர்கள், கர்ப்பிணிகள், தைரொயிட் சுரப்புக் குறைந்தவர்கள் எல்லாருக்கும் வரக்கூடியது. சுண்டுவிரலும் மோதிரவிரலின் மறுபாதியும் என்றால் பிரச்சினை பெரும்பாலும் முழங்கையில். முன்பாதத்தைத் தூக்க முடியாமல் செருப்பை இழுத்து இழுத்து நடந்தால், முழங்காலின் வெளிப்பக்கத்தில் எலும்பைச் சுற்றி வரும் நரம்பைப் பாருங்கள். வயலில் மணிக்கணக்காகக் குந்தியிருந்து புல் பிடுங்குவதும், காலுக்குமேல் கால் போட்டு நெடுநேரம் உட்காருவதும் அதை நசிக்கும். வெறியில் கதிரைச் சாய்வில் கையைத் தொங்கப்போட்டபடி தூங்கியவர் விடியும்போது மணிக்கட்டு விழுந்துபோய் எழும்புவதும் இந்தக் கணக்கில்தான் வரும். அது அநேகமாகச் சில கிழமையில் திரும்பிவிடும். சாராயம் நரம்புக்குச் செய்யும் மற்ற வேலை அப்படித் திரும்பாது.

ஏன் ஒன்று திரும்புகிறது, இன்னொன்று திரும்பவில்லை? இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் காயப்பட்டவர்களைப் பார்த்த ஹேர்பேர்ட் செடன் என்ற ஆங்கிலேய சத்திரசிகிச்சை நிபுணர் 1943இல் இதை மூன்று படியாகப் பிரித்தார். நரம்பு நசிந்து செய்தி மட்டும் தடைப்படுவது முதல் படி. இழை முழுசாகவே இருக்கும், கிழமைகளில் சரியாகும். உள்ளிழை அறுந்து வெளிக்குழாய் தப்பியிருப்பது இரண்டாவது. முழு நரம்புமே அறுந்துபோவது மூன்றாவது; தைக்காமல் அது சேராது. அறுந்த இழையின் கீழ்ப்பகுதி செத்துவிடும் என்பதை ஒகஸ்டஸ் வோலர் 1850இலேயே தவளை நரம்பில் காட்டியிருந்தார். மேலேயுள்ள நுனியிலிருந்துதான் புது இழை வளர்ந்து வரவேண்டும், அதுவும் நாளொன்றுக்கு ஏறத்தாழ ஒரு மில்லிமீற்றர்.

இந்த ஒரு மில்லிமீற்றரைக் கொஞ்சம் கணக்குப் போட்டுப் பார்க்கலாம். முழங்கையில் வெட்டுப்பட்ட நரம்பு கைக்கு வந்துசேர 30 சென்ரிமீற்றர், பத்து மாதம். மோட்டார் சைக்கிளிலிருந்து தோள் அடிபட விழுந்து, கழுத்தடியில் நரம்புப் பின்னல் பிய்ந்தால் கைவிரல்வரை 70 சென்ரிமீற்றர், இரண்டு வருசம். நரம்பில்லாத தசையோ ஒன்று, ஒன்றரை வருசத்துக்குமேல் காத்திருக்காது, வற்றி நாராகிவிடும். அதனால்தான் இப்படிப்பட்ட காயங்களில் ‘பார்ப்போம், தன்பாட்டில் வரும்’ என்று மாதக்கணக்கில் எண்ணெய் தேய்த்துக்கொண்டிருப்பது பெரிய நட்டம். யுத்தகாலத்தில் செல் துண்டு பட்டு நரம்பறுந்த பலருக்கு அந்த நேரத்துத் தையல் கிடைக்கவேயில்லை. வற்றிய கெண்டைக்காலோடும் மடங்கிய விரலோடும் இன்றும் நடமாடுகிறவர்கள் எல்லாக் கிராமத்திலும் இருக்கிறார்கள். பிட்டத்தில் தவறான இடத்தில் போட்ட ஊசியும் இடுப்பு நரம்பைக் கெடுக்கும். ஊசி போட்ட கையோடு கால் மின்னலடித்ததுபோல இருந்து, பாதம் விழுந்தால் அதே நாளில் சொல்லவேண்டும்.

மட்டக்களப்பு வாவியில் மாந்தீவு என்றொரு தீவு இருக்கிறது. தோணியில்தான் போகவேண்டும். ஆங்கிலேயர் ஆட்சிக்காலத்தில் அங்கே தொழுநோய் ஆஸ்பத்திரி அமைத்து, நோய் வந்தவர்களைக் கொண்டுபோய் வைத்தார்கள். அந்தத் தண்ணீர் இடைவெளி இந்த ஊர் மனதில் பதிந்துவிட்டது. ‘குட்டம்’ என்ற சொல்லை இன்றும் குரலைத் தாழ்த்தித்தான் சொல்கிறார்கள். பலர் அதைத் தோல் நோய் என்றே நினைக்கிறார்கள். அடிப்படையில் அது புற நரம்பைத் தேடிப்போகும் கிருமி. நோர்வேயைச் சேர்ந்த ஹான்சன் 1873இல் கண்டுபிடித்த அந்தக் கிருமி, நரம்பிழைக்கு உறை போடும் கலங்களுக்குள் புகுந்து குடியிருக்கும். உடம்பின் குளிர்ந்த பகுதிகள்தான் அதற்குப் பிடிக்கும். அதனால் தோலுக்கு அருகில் ஓடும் நரம்புகள், முழங்கைக்குப் பின்னால், முழங்காலின் பக்கத்தில், கணுக்காலின் உட்புறத்தில், காதுக்குக் கீழே, தடித்துப்போய் விரலுக்குத் தட்டுப்படும். விரல்கள் அழுகி விழுவதாகச் சொல்வது பிழை. உணர்ச்சியில்லாத விரல் சட்டியில் சுடுபட்டு, வெட்டுப்பட்டு, புண்ணாகித் தேய்கிறது. சீனிக்காரரின் பாதத்தில் நடப்பதும் இதேதான். நோய் வேறு, காவல்காரன் போனபிறகு நடக்கும் களவு ஒன்று.

இலங்கை 1995இல் தொழுநோயைப் பொதுச்சுகாதாரப் பிரச்சினை என்ற அளவிலிருந்து ஒழித்துவிட்டதாக அறிவிக்கப்பட்டது. பத்தாயிரம் பேருக்கு ஒருவர் என்ற அளவுக்குக் கீழே கொண்டுவந்தார்கள் என்பதே அதன் பொருள், இல்லாமல் போயிற்று என்பதில்லை. புதிய நோயாளர்கள் தொடர்ந்து கண்டுபிடிக்கப்படுகிறார்கள், மட்டக்களப்பு மாவட்டத்திலும். தோலில் கொஞ்சம் வெளிறியதோ சிவந்ததோ ஆன படை, அரிக்காது, நோகாது, அந்த இடத்தில் வியர்வையும் இல்லை, பஞ்சால் தடவினால் தெரியவுமில்லை. இப்படி ஒன்று இருந்தால் தேமலென்று களிம்பு பூசிக்கொண்டிருக்கக்கூடாது. கிருமி உடம்பில் புகுந்து குறி காட்டச் சராசரியாக ஐந்து வருசம் எடுக்கும், சிலருக்கு இருபது வருசமும் போகும். மனிதர்களில் மிகப் பெரும்பாலானோருக்கு இயற்கையாகவே எதிர்ப்புச் சக்தி உண்டு. பலமருந்துச் சிகிச்சை ஆறு மாதமோ பன்னிரண்டு மாதமோ, இலவசமாகக் கிடைக்கிறது. மருந்து தொடங்கிக் கொஞ்ச நாளிலேயே மற்றவருக்குத் தொற்றும் தன்மை போய்விடும். தோணி ஏறவேண்டிய காலம் முடிந்து வெகுநாளாயிற்று.

சாப்பாட்டாலும் நரம்பு கெடும். இதில் நம் வீட்டுப் பழக்கத்தோடு ஒட்டிய ஒரு சம்பவத்தைச் சொல்லவேண்டும். சாமத்தியப்பட்ட பிள்ளைக்கு நல்லெண்ணெயும் முட்டையும் கொடுப்பது எல்லாருக்கும் தெரியும். 1977–78இல் இலங்கையில் தமிழ்ப் பெண்பிள்ளைகள் பலருக்கு, வயதுக்கு வந்த கொஞ்ச நாளில் காலும் கையும் பலமிழந்துபோயின. ஆராய்ந்து பார்த்தபோது அவர்கள் குடித்த நல்லெண்ணெயில் ட்ரைகிரெசில் பொஸ்பேட் என்ற தொழிற்சாலை இரசாயனம் கலந்திருந்தது தெரிந்தது. நிமால் சேனநாயக்கவும் ஜெயரத்தினமும் இதை 1981இல் லான்செட் மருத்துவ இதழில் எழுதினார்கள். பழக்கத்தில் குற்றமில்லை, எண்ணெயில்தான் நஞ்சு. வீட்டில் எல்லாருமே ஒரே எண்ணெயைத்தான் கறிக்குக் கொஞ்சம் ஊற்றுகிறார்கள். அளவாகக் குடித்தது அந்தப் பிள்ளை மட்டும்.

வயலுக்கு ‘எண்ணெய் அடிப்பது’ என்று நாம் சொல்கிற கிருமிநாசினிகளில் ஒரு பிரிவான ஓர்கனோபொஸ்பேட் மருந்துகள் இதே இரசாயனக் குடும்பத்தைச் சேர்ந்தவை. அதைக் குடித்தவர் ஆஸ்பத்திரியில் முதல்நாள் கண்டத்தைத் தாண்டியபிறகு, ஒன்று முதல் நாலு நாளுக்குள் கழுத்தைத் தூக்க முடியாமல், மூச்சுத் தசைகள் தளர்ந்துபோவதைத் தனியொரு நோய்க்குறியாகப் பிரித்துப் பெயர் வைத்ததும் இலங்கை வைத்தியர்கள்தான்: சேனநாயக்கவும் லக்ஷ்மன் கரல்லியத்தவும், 1987இல். அது நரம்பும் தசையும் சந்திக்கும் முனையில் நடப்பது. அதையும் தாண்டியவர்களில் சிலருக்கு, இந்தக் குடும்பத்தின் சில மருந்துகளால், இரண்டு மூன்று கிழமை கழித்துப் பாதம் விறைத்துப் பலம் குறையும். ‘தப்பிவிட்டார்’ என்று வீட்டுக்குக் கூட்டிவந்த பிறகு வருவதால் யாரும் பழைய நஞ்சோடு இதை முடிச்சுப்போடுவதில்லை.

விற்றமின்களில் பி1 அரிசியோடு சேர்ந்த கதை. பெரிபெரி என்ற நரம்பு நோயின் பெயரே சிங்களத்திலிருந்து போனதென்று அகராதிகள் சொல்கின்றன; ‘முடியாது, முடியாது’ என்று பொருளாம். ஜாவாவில் தீட்டிய வெள்ளையரிசி தின்ற கோழிகளுக்குக் கால் விழுவதையும், தவிடு சேர்ந்த அரிசி கொடுத்தால் தேறுவதையும் 1890களில் கவனித்த கிறிஸ்ரியான் எய்க்மானுக்கு 1929இல் நோபல் பரிசு கிடைத்தது. நெல்லை அவித்துக் குத்தும்போது தவிட்டிலுள்ள பி1 அரிசிக்குள் இறங்கிவிடுகிறது. நமது சிவப்புப் புழுங்கல் சும்மா வந்த பழக்கமில்லை. இன்று பி1 குறைவைப் பார்ப்பது பெரும்பாலும் கசிப்புக் குடித்துச் சோறு தின்னாமல் படுக்கிறவர்களிடம். மதுவே நரம்பைக் கெடுக்கும், பசி அதற்குத் துணைபோகும்.

பி12 மீனிலும் இறைச்சியிலும் முட்டையிலும் பாலிலும்தான் உண்டு. வாவியும் கடலும் இரண்டு பக்கமும் இருக்கிற ஊரில் அது எப்படிக் குறையும் என்று கேட்கலாம். சைவக்காரருக்கு மட்டுமில்லை, வயதானால் வயிறு அதை உறிஞ்சுவது குறையும், சீனிக்கு வருசக்கணக்காக மெட்ஃபோமின் எடுத்தாலும் குறையும். ஆகவே சீனிக்காரரின் விறைப்பெல்லாம் சீனியால்தான் என்று முடிவுகட்டாமல் பி12 அளவைப் பார்ப்பது புத்தி. இது ஊசியாலோ குளிசையாலோ திருத்தக்கூடிய காரணம். மறுபக்கம், பி6ஐ பெரிய அளவில் மாதக்கணக்காக விழுங்கினால் அதுவே நரம்பைக் கெடுக்கும். விறைப்புக்கென்று பார்மசியில் தானாக வாங்கிய குளிசை விறைப்பைக் கூட்டுகிற வேடிக்கை இது. கசநோய்க்குக் கொடுக்கும் ஐசோனியசிட், புற்றுநோய்க்கான வின்கிறிஸ்டின், சிஸ்பிளாட்டின் போன்ற மருந்துகள், சிறுநீரகச் செயலிழப்பு, அக்கி வந்து ஆறியபின் அந்தத் தடத்திலேயே மாதக்கணக்காக எரியும் நோவு, தலைமுறையாக வரும் பரம்பரை நரம்பு நோய்கள் எல்லாம் இந்தப் பட்டியலில் உண்டு. எல்லாம் தேடியும் காரணம் அகப்படாதவர்களும் கொஞ்சப் பேரில்லை.

இதுவரை சொன்னவை பெரும்பாலும் மாதக்கணக்கில் நகர்பவை. சில மணிக்கணக்கில் நகரும், அவற்றுக்குக் கிளினிக் திகதி வரை பொறுக்கமுடியாது. வயிற்றோட்டமோ தடிமனோ வந்து சுகமாகி ஒன்றிரண்டு கிழமையில் இரண்டு காலிலும் சமமாகப் பலம் குறைந்து, நாளுக்குநாள் மேலே ஏறினால் அது கியான்–பாரே நோயாக இருக்கலாம். உடம்பின் எதிர்ப்புச் சக்தி கிருமியென்று நினைத்துத் தன் நரம்பையே தாக்குகிறது. நாலில் ஒருவருக்கு மூச்சு இயந்திரம் தேவைப்படும். நேரத்துக்குப் போனால் சிகிச்சை உண்டு, பெரும்பாலானோர் மீண்டும் நடக்கிறார்கள். இரவு நிலத்தில் பாய்போட்டுப் படுத்தவர் விடியற்காலையில் வயிற்று நோவோடு எழும்பி, கண் இமை மூடிக்கொண்டு போகிறது, விழுங்க முடியவில்லை என்றால், கடித்த தடம் தெரியாவிட்டாலும் எண்ணெய் விரியன் (கட்டுவிரியன்) பாம்பை நினைக்கவேண்டும். அதன் நஞ்சு நரம்பின் முனைகளையே அழித்துவிடும். அழிந்தபின் மாற்று மருந்தால் அவற்றைத் திருப்பமுடியாது, மூச்சு இயந்திரத்தில் வைத்து முனைகள் மீண்டும் முளைக்கும்வரை காக்கவேண்டும். ஒரு பக்கக் கையும் காலும் சடாரென்று விழுந்தால் அது மூளையில் வந்த பாரிசவாதம்; புற நரம்பென்று தைலம் தேய்த்து நேரம் போக்கக்கூடாது.

சோதனைகள் பயப்படும்படியானவை இல்லை. பத்துக் கிராம் அழுத்தத்தில் வளையும் ஒரு நைலோன் இழையை, பார்வைக்கு அசல் தங்கூசிதான், பாதத்தில் தொட்டுத் தொட்டுக் கேட்பார்கள். செக்கனுக்கு 128 தடவை அதிரும் இசைக்கவையைப் பெருவிரல் எலும்பில் வைப்பார்கள். கணுக்காலின் பின்னால் சுத்தியலால் தட்டுவார்கள். ஐந்து நிமிடம் போதும். மேசு கழற்றச் சொல்லாமல் எந்த டொக்டராலும் இதைச் செய்யமுடியாது, ஆகவே அவர் கேட்காவிட்டாலும் நீங்களே செருப்பைக் கழற்றிவைத்துவிட்டு உட்காருங்கள். நரம்பின் வேகத்தை மின்சாரத்தால் அளக்கும் சோதனை தேவைப்பட்டால் பெரிய ஆஸ்பத்திரிக்கு எழுதுவார்கள். அந்தச் சோதனை தடித்த இழைகளை மட்டும்தான் அளக்கும். பாதம் எரிகிறது, சோதனை முடிவு சரியாக இருக்கிறது என்றால் எரிவு மனப்பிரமை என்று அர்த்தமில்லை.

காரணத்தைத் திருத்துவதுதான் முதல் மருந்து: சீனியைக் கட்டுக்குள் வைப்பது, குடியை விடுவது, பி12 போடுவது, நசிந்த நரம்பை விடுவிப்பது. எரிவுக்கு அமிற்றிப்டிலின், கபபென்ரின், பிரகபலின் போன்ற குளிசைகள் உண்டு. முதலாவது மனச்சோர்வுக்குக் கொடுக்கும் மருந்தும்கூட. பெட்டியைப் படித்துவிட்டு ‘எனக்கென்ன விசரா’ என்று எறிந்தவர்களை நான் கண்டிருக்கிறேன். அந்தச் சின்ன அளவில் அது நரம்பின் கூச்சலைத் தணிக்கத்தான். போன உணர்ச்சியை இந்தக் குளிசைகள் கொண்டுவராது, எரிவைத்தான் குறைக்கும். உணர்ச்சி போன காலுக்குக் கண்தான் காவல்: ஒவ்வொரு இரவும் பாதத்தைத் திருப்பி, குனிய முடியாதவர் நிலத்தில் ஒரு முகக்கண்ணாடியை வைத்து, விரலிடுக்குவரை பார்க்கவேண்டும். செருப்பைப் போடுமுன் கவிழ்த்துத் தட்டவேண்டும்.

எங்கள் தெருப் பெரியவருக்குப் புண் ஆற மூன்று மாதமாயிற்று, விரல் ஒன்றும் போகவில்லை. அடுத்த வருச ஆடிவேலுக்கு முதல் வீட்டில் ஒரே சண்டை. சப்பாத்தோடு யாத்திரையா என்று அவர். வாசலில் கழற்றினால் போதும் என்று மகன். கடைசியில் மனைவிதான் முடித்துவைத்தார்: “முருகனே மயில்லதானே போறார். அவர் என்ன, வெறுங்காலோடயா நடக்கிறார்?” பெரியவர் கொஞ்சநேரம் பேசவில்லை. பிறகு எழுந்துபோய்ச் சப்பாத்தை எடுத்து, கவிழ்த்துத் தட்டிப் பார்த்தார்.